பேசாத கோடுகளின் சிரிப்பு

(வானொலி இலக்கியத் தொடரில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இன்று நான் எடுத்துக்கொண்ட பொருள் உங்களுட் சிலருக்கு வியப்பை அளிக்கக்கூடும். இலக்கியத் தொடரொன்றிலே கார்ட்டூன் படத்துக்கு என்ன வேலை என்று நீங்கள் கேட்கலாம். அதிலும் ஓசையே இல்லாத படங்களைப் பற்றி, உருவத்தைக் காட்ட இயலாத வானொலியிலே பேச வந்திருக்கிறேன். கண்ணுக்கு மாத்திரம் உரியதைக் காதுக்கு மாத்திரம் உரிய சாதனத்தின் வழியே சொல்வது சற்று விசித்திரமான முயற்சிதான். ஆயினும் நாடகமும் கூத்தும் பற்றிச் சொல்லாலேயே பேசிப் பழகியவர்கள் நாம். ஆகவே சொல்லிப் பார்க்கிறேன்.

தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் எட்டு மெய்ப்பாடுகளைக் கூறும்போது நகையைத்தான் முதலில் வைக்கிறார். மெய்ப்பாடு என்பது உள்ளத்து உணர்வு உடம்பின் வழியே புலப்படுதல். சொல் வருவதற்கு முன்னரே முகமும் கையும் காலும் உணர்வைச் சொல்லிவிடுகின்றன. நகை பிறக்கும் இடங்களாக எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்ற நான்கையும் அவர் குறிப்பிடுகிறார். எள்ளல் என்பது பிறரை இகழ்ந்து நகுதல். இளமை என்பது குழந்தைத்தன்மை. பேதைமை என்பது அறிவின்மை. மடம் என்ற சொல்லுக்கு உரைகாரர் தரும் பொருள்களுள் ஒன்று, சொல்லிக் கொடுத்ததைப் பிடித்துக்கொண்டு விடாதிருத்தல். இந்த நான்கையும் கையில் வைத்துக்கொண்டு இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் உண்டான மௌனக் கார்ட்டூன் படங்களை நோக்குவோம். என் மனதில் இரண்டு கேள்விகள் உள்ளன. சொல்லில்லாமற் சிரிப்பு எவ்வாறு பிறக்கிறது என்பது ஒன்று. அந்தச் சிரிப்பு யாரைப் பார்த்துச் சிரிக்கிறது என்பது மற்றொன்று. இரண்டாவது கேள்வியே எனக்கு முக்கியமானது.

இக்கலை பத்திரிகைக் கேலிச்சித்திரத்துக்கும் மேடை வித்தைக்கும் பிறந்த பிள்ளை. அக்காலத்து மேடைகளிலே பார்வையாளர் முன்னால் மின்னல் வேகத்திற் படம் கீறிக் காட்டும் ஒரு வேடிக்கை நிகழ்ச்சி இருந்தது. ஜே. ஸ்டுவர்ட் பிளாக்டன் என்பவர் அவ்வித்தையிற் தேர்ந்தவர். அவர் 1906 இல் வைட்டகிராஃப் நிறுவனத்துக்காக ஒரு சிறு படத்தை எடுத்தார். கரும்பலகையில் வெண்கட்டியால் ஓர் ஆணின் முகமும் ஒரு பெண்ணின் முகமும் தோன்றுகின்றன. ஆண் சுருட்டுப் பிடிக்கிறான். புகை பெண்ணின் முகத்தை மூடுகிறது. அவள் முகம் கோணுகிறது. பிறகு ஒரு கை வந்து எல்லாவற்றையும் அழித்துவிடுகிறது. கதை இவ்வளவுதான். ஆனால் இதுவரை அசையாதிருந்த கோடு கீறியவனின் கையை விட்டுவிட்டுத் தன் பாட்டில் நடக்கத் தொடங்கிவிட்டது. முதற் சிரிப்பு அங்கே பிறந்தது.

இரண்டு ஆண்டுகளின் பின் பிரான்ஸ் நாட்டிலே எமில் கோல் என்ற கேலிச்சித்திரக்காரர் இதனை ஒரு கலையாக்கினார். அப்போது அவருக்கு வயது ஐம்பத்தொன்று. இளமையில், பொருத்தமின்மையையே கொள்கையாகக் கொண்டு பாரிஸிற் கூத்தடித்த ஒரு கலைஞர் குழுவைச் சேர்ந்திருந்தவர். கோமோன் நிறுவனத்துக்காக அவர் ஆக்கிய ‘ஃபன்டஸ்மகொறி’ என்ற படம் 1908 ஓகஸ்ட் 17 ஆம் திகதி பாரிஸில் முதன்முதலாகக் காட்டப்பட்டது. ஏறத்தாழ 700 சித்திரங்கள். ஓடும் நேரமோ இரண்டு நிமிடத்துக்கும் குறைவு. வெள்ளைத் தாளிற் கறுப்பு மையாற் கீறிய படங்களை எதிர்மறையாக அச்சிட்டமையால், திரையிற் பார்க்கும்போது கரும்பலகையில் வெண்கட்டிக் கோடுகள் ஓடுவது போலத் தோன்றும்.

அந்தப் படத்தில் என்ன நடக்கிறது என்று கேட்டாற் பதில் சொல்வது கடினம். ஒரு கோமாளி வருகிறான். ஒரு கனவான் நாடகக் கொட்டகையில் வந்து அமர்கிறார். அவருக்கு முன்னால் இறகுகள் செருகிய பெரிய தொப்பியுடன் ஒரு சீமாட்டி வந்து மறைத்துக்கொண்டு உட்காருகிறாள். அவர் இறகுகளை ஒவ்வொன்றாகப் பிடுங்குகிறார். ஒரு போத்தல் பூவாக மாறுகிறது. ஒன்று மற்றொன்றாகிக்கொண்டே போகிறது. இடையிற் கோமாளி வீழ்ந்து உடைந்துபோக, கீறியவரின் மெய்யான கைகள் வந்து அவனை ஒட்டிச் சரிசெய்கின்றன. பிறகு அவன் குதிரையேறிப் போய்விடுகிறான்.

இதிலே கேலிக்கு ஆளாகிறவர் எவருமில்லை எனலாம். தொப்பிக்காரச் சீமாட்டி ஒரு கணம் அகப்படுகிறாள். அவளும் உடனே வேறொன்றாகிவிடுகிறாள். சிறு பிள்ளை நாற்காலியைக் கவிழ்த்து வைத்து அது வண்டி என்கிறது. அடுத்த கணம் அதுவே வீடு என்கிறது. நாம் சிரிக்கிறோம். அந்தச் சிரிப்பிலே பகை கிடையாது. தொல்காப்பியர் கூறும் இளமை என்ற நிலைக்களன் இதுவே என்பது என் எண்ணம்.

அடுத்ததாக வின்சர் மக்கே. நியூயோர்க்கிலே பத்திரிகைச் சித்திரத் தொடர்களாற் பெரும் புகழ் பெற்றவர். 1912 இல் அவர் ஒரு நுளம்பைப் பற்றிப் படம் எடுத்தார். தொப்பி அணிந்து, கையிற் பெட்டியும் கொண்டு, தொழிலுக்குப் புறப்பட்ட கனவான் போல அந்த நுளம்பு வருகிறது. உறங்கும் மனிதனைத் தேடிப் பிடிக்கிறது. கொடுக்கைத் தீட்டிக் கொள்கிறது. குடிக்கிறது, போதாதென்று மீண்டும் குடிக்கிறது. ஈற்றில் வயிறு வெடித்துப் போகிறது. போதும் என்று நிறுத்தத் தெரியாத பேதைமையைச் சொல்ல அங்கே ஒரு வசனமும் தேவைப்படவில்லை.

1914 பெப்ரவரியிற் சிக்காகோ நகரத்து மேடையொன்றில் மக்கே காட்டிய ‘ஜேர்ட்டி’ என்ற டயனோசர் இதற்கும் ஒரு படி மேலே போயிற்று. திரையிற் படம் ஓடும். மேடையில் மக்கே கையிற் சவுக்குடன் நிற்பார். ‘வெளியே வா’ என்பார். குகையிலிருந்து ஜேர்ட்டி தயங்கித் தயங்கி எட்டிப் பார்க்கும். வணங்கச் சொன்னால் வணங்கும். வேறொன்று கண்ணிற் பட்டாற் சொன்னதை மறந்துவிடும். வந்த யானையை வாலிற் பிடித்து ஏரிக்குள் எறியும். ஏரித் தண்ணீர் முழுவதையும் குடித்துத் தீர்க்கும். அவர் அதட்டினால் அழும். முடிவில் மக்கே திரைக்குப் பின்னே மறைய, சித்திர மக்கே திரையிலே தோன்றுவார். அவரைச் சுமந்துகொண்டு அது போய்விடும்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். மௌனப் படம் என்கிறோம். ஆனால் மேடையில் மனிதர் பேசிக்கொண்டே இருந்தார். பேச்சு முழுவதும் அவருக்கு, செயல் முழுவதும் அந்த விலங்குக்கு. அதட்டும் குரல் ஒருபுறம், அடங்காத உடம்பு மறுபுறம். இவ்விரண்டுக்கும் இடையிலே நகை பிறந்தது. அதே ஆண்டின் பிற்பகுதியில் அப்படம் அவரில்லாமலே கொட்டகைகளில் ஓடியபோது, அவர் குரலுக்குப் பதிலாக எழுத்து அட்டைகள் இடையிடையே செருகப்பட்டன.

இந்தப் படத்துக்காக ஆயிரக்கணக்கான சித்திரங்கள் வரையப்பட்டன. ஒவ்வொரு தாளிலும் டயனோசரை மாத்திரமின்றிப் பின்னால் நிற்கும் மலை, மரம், ஏரி எல்லாவற்றையும் திரும்பத் திரும்பக் கீற வேண்டியிருந்தது. பின்னணியைப் பிரதி செய்ய ஓர் இளைஞர் உதவினார். தெளிந்த செலுலோயிட் தாளில் உருவத்தை மாத்திரம் வரைந்து, ஒரே பின்னணியின் மேல் வைத்துப் படம் பிடிக்கும் முறைக்கு ஏர்ல் ஹேர்ட் ஆக்கவுரிமை கோரியது 1914 இன் இறுதியிலேதான். அதற்குப் பின்னரே கார்ட்டூன் ஒரு தொழிலாக வளர முடிந்தது.

கடந்த தவணையிலே உயர்தர வகுப்பு மாணவருக்கு மெய்ப்பாடு பற்றி விளக்க நேர்ந்தபோது ஜேர்ட்டியைக் கணினியிற் போட்டுக் காட்டினேன். யானையை எறியும்போது வகுப்பே சிரித்தது. அதட்டலுக்கு அது கண்ணீர் விடும் இடத்தில் சிரிப்பு நின்றுபோயிற்று. ஒரு மாணவன் எழுந்து, “சேர், உது கீறின படம்தானே. பிறகேன் பாவமாக் கிடக்கு?” என்று கேட்டான். நாற்பது நிமிடம் நான் விளக்கியிருந்தாலும் வந்திராத தெளிவு அந்தக் கேள்வியில் இருந்தது. சிரித்தவனின் மனம் அடுத்த கணமே இரங்கவும் கூடியது என்பதை அவன் கண்டுகொண்டான். நல்ல நகையின் அடையாளம் அதுவென்றே நான் கருதுகிறேன்.

இனி எள்ளலுக்கு வருவோம். 1912 இல் ரஷ்யாவிலே லடிஸ்லாவ் ஸ்டாரெவிச் என்பவர் ஆக்கிய ‘ஒளிப்பதிவாளனின் பழிவாங்கல்’ என்ற படம் எள்ளலின் நல்ல உதாரணம். இது கீறிய படமன்று. இறந்த வண்டுகளின் உடலிற் கம்பியாற் கால்களைப் பொருத்தி, சிறிது சிறிதாக அசைத்து, ஒவ்வொரு சட்டமாகப் பிடித்தது. ஸ்டாரெவிச் பூச்சியியலில் ஈடுபாடு உடையவர். உயிருள்ள வண்டுகள் விளக்கு வெளிச்சத்தில் அசைய மறுத்தமையாலேயே இவ்வழிக்கு வந்தார்.

கதையைக் கேளுங்கள். வண்டுக் கனவான் அலுவலாக நகரத்துக்குப் போகிறார். அங்கே ஆட்டக்காரத் தும்பியொருத்தியுடன் கூடிக் களிக்கிறார். அவள்மேல் ஆசை வைத்துத் தோற்ற வெட்டுக்கிளி ஓர் ஒளிப்பதிவாளன். அவன் திறப்புத் துவாரத்தின் வழியே எல்லாவற்றையும் படம் பிடித்துவிடுகிறான். வீட்டிலோ மனைவி ஓர் ஓவியனுடன் இருக்கிறாள். திரும்பி வந்த கனவான் அதைக் கண்டு கொதிக்கிறார்; பிறகு பெருந்தன்மையோடு மன்னித்து, மனைவியைப் படக் கொட்டகைக்கு அழைத்துப் போகிறார். அங்கே திரையிலே ஓடுவது அவருடைய லீலைதான்! அடிதடி, தீ, முடிவில் இருவருக்கும் சிறைவாசம். தன் குற்றத்தை மறைத்துக்கொண்டு பிறர் குற்றத்தை மன்னிக்கும் பெரிய மனிதரை இப்படம் எள்ளுகிறது. பூச்சிக்கு மனித ஒழுக்கத்தைச் சூட்டியதாலே மனித ஒழுக்கம் பூச்சியளவிற் சிறுத்துத் தெரிகிறது.

ஆனால் நேயர்களே, எள்ளல் எப்போதும் இப்படிப் பெரிய மனிதரை நோக்கியே பாய்ந்ததில்லை. முன்னே நான் பாராட்டிய அதே பிளாக்டன் 1907 இல் எடுத்த இன்னொரு படத்திலே, கறுப்பினத்தவரையும் யூதரையும் குறிக்கும் சொற்களை எழுதி, அவ்வெழுத்துகளையே அவ்வினத்தாரின் கோரமான முகங்களாக மாற்றிக் காட்டினார். மக்கே 1911 இல் எடுத்த ‘லிட்டில் நீமோ’ படத்திலே இம்பி என்ற பாத்திரம் ஆபிரிக்க மனிதனைப் புல்லாடை கட்டிய காட்டு உருவாக்கிச் சிரிக்க வைக்கிறது. வெள்ளையர் முகத்திற் கரி பூசிக் கறுப்பினத்தவரைப் போல ஆடிப் பாடிய மேடை மரபு அமெரிக்காவில் நெடுங்காலம் இருந்தது. கார்ட்டூன் பாத்திரங்களின் பெரிய கண், அகன்ற வாய், வெள்ளைக் கையுறை முதலியவற்றில் அம்மரபின் சாயல் படிந்திருப்பதை ஆய்வாளர்கள் எடுத்துக் காட்டியுள்ளனர்.

அக்காலத்தில் எல்லாரும் அப்படித்தான் இருந்தார்கள் என்று சொல்லி இதைக் கடந்து போகலாமா? அந்தக் கொட்டகைகளிலே பின்வரிசையில் ஒதுக்கி இருத்தப்பட்ட கறுப்பின மக்களும் இருந்தார்கள் அல்லவா? அவர்களும் அந்தக் காலத்தவர்தான். அவர்களுடைய சிரிப்பையும் கணக்கில் எடுத்தாலன்றி ‘எல்லாரும்’ என்ற சொல்லுக்குப் பொருளில்லை.

ஆசிரியத் தொழிலில் இதை நான் சிறிய அளவில் அடிக்கடி காண்கிறேன். ஒரு பிள்ளை தன் ஊர் வழக்கிலே விடை சொல்லும்; பின்வாங்கிலிருந்து இன்னொருவன் அதே சொல்லை இழுத்துச் சொல்லிக் காட்டுவான். வகுப்புச் சிரிக்கும். சொன்ன பிள்ளையும் சேர்ந்து சிரிக்கும். ஆனால் அடுத்த கேள்விக்கு அது கை உயர்த்தாது. நகையாலே ஒருவனின் வாயை அடைத்துவிட முடியும். எள்ளலைத் தொல்காப்பியர் நகையின் நிலைக்களன்களில் ஒன்றாக எண்ணினார். அதை எவர்மேல் ஏவுவது என்ற பொறுப்பு நம்முடையது.

1920 களின் பெரும் புகழ்பெற்ற கார்ட்டூன் பாத்திரம் ஃபீலிக்ஸ் என்ற கறுப்புப் பூனை. 1919 இல் வெளிவந்த முதற் படத்திலே அதற்கு வேறு பெயர். அதில் ஓரிடம் என்னை மிகவும் கவர்ந்தது. பூனை வாத்தியம் வாசிக்க, இசைக் குறியீடுகள் காற்றிலே மிதக்கின்றன. ஓசையில்லாத படத்தில் இசையைக் காட்ட வேறு வழி ஏது? ஆனால் பூனைகள் அத்துடன் விடவில்லை. மிதக்கும் குறியீடுகளைப் பிடித்துச் சக்கர வண்டியாகப் பூட்டி ஏறிச் செல்கின்றன.

ஃபீலிக்ஸின் நகைச்சுவை முழுவதும் இவ்வகையானதே. சிந்திக்கும்போது கைகளைப் பின்னே கட்டிக்கொண்டு தலை குனிந்து நடக்கும். தலைக்கு மேலே கேள்விக்குறி தோன்றும். அதை எட்டிப் பிடித்துக் கொளுவியாகப் பயன்படுத்தும். வால் கழன்று வந்து கைத்தடியாகும், கருவியாகும். 1923 இல் வந்த ‘ஹொலிவூட்டில் ஃபீலிக்ஸ்’ படத்தில் எசமானுடன் பிரயாணம் செய்ய வழியின்றித் தானே ஒரு கறுப்புப் பையாக உருமாறிவிடுகிறது. ஹொலிவூட்டிற் சார்லி சப்ளினைப் போல நடித்துக் காட்ட, சித்திரச் சப்ளின் வந்து தன் வித்தையைத் திருடியதாகச் சண்டைக்கு வருகிறார். இதில் உண்மையும் உண்டு. பூனையை வரைந்த ஒட்டோ மெஸ்மர் முன்னர் சப்ளினைக் கார்ட்டூனாக்கும் வேலையில் ஈடுபட்டவர். அவரது அசைவுகளைக் கூர்ந்து கற்றவர்.

நிறுத்தக் குறிகளை நாற்பது கொப்பிகளிலே நாள்தோறும் திருத்துகிறவன் என்ற முறையில், கேள்விக்குறியை ஏணியாகவும் கொளுவியாகவும் கண்ட அந்தப் பூனைமேல் எனக்குத் தனி மதிப்பு. கையில் ஒன்றும் இல்லாதவனுக்குத் தன் ஐயமே கருவியாகிறது. வீடற்று, பசித்து, துரத்தப்பட்டு அலையும் அப்பூனையைப் பார்த்து எவரும் எள்ளி நகைப்பதில்லை. அதனோடு சேர்ந்தே சிரிக்கிறோம்.

ஆனால் ஒன்று. படங்களில் இடம்பெற்ற பெயர் கலையகத்தின் சொந்தக்காரரான பற் சலிவனுடையது. சலிவன் 1933 இற் காலமானார். மெஸ்மரின் பங்கு பரவலாக அறியப்பட மேலும் பல பத்தாண்டுகள் சென்றன. இன்று பெரும்பாலான திரைப்பட வரலாற்றாசிரியர்கள் மெஸ்மரையே ஃபீலிக்ஸின் கர்த்தாவாகக் கொள்கின்றனர்; சலிவன் பிறந்த அவுஸ்திரேலியாவில் மாற்றுக் கருத்துடையோரும் உளர். ஏட்டுச் சுவடிகளிலே இடைச்செருகலையும் கர்த்தா மயக்கத்தையும் கற்றவர்களுக்கு இந்த வழக்குப் புதிதாகத் தோன்றாது.

மக்ஸ் பிளெய்ஷர், டேவ் பிளெய்ஷர் என்ற சகோதரர்களின் ‘மைக்கூட்டிலிருந்து’ என்ற தொடர் வேறொரு வகை. டேவ் கோமாளி உடையணிந்து ஆட, அதைப் படம் பிடித்து, சட்டம் சட்டமாக அதன்மேற் கோடு ஒற்றி எடுத்தார்கள். அந்த உத்திக்கு மக்ஸ் 1917 இல் ஆக்கவுரிமை பெற்றார். மேசையிலே மக்ஸ் அமர்ந்திருப்பார்; மைக்கூட்டிலிருந்து கோகோ என்ற கோமாளி வெளிப்பட்டு அவரோடு மல்லுக்கு நிற்பான்; படம் முடியும்போது மீண்டும் மைக்கூட்டுக்குள் போய்விடுவான். படைத்தவனைப் படைப்பு எதிர்ப்பதும் தோற்பதும் அடுத்த படத்தில் மறுபடி எதிர்ப்பதும் அத்தொடரின் உயிர்.

அத்தொடர்ச்சியில் 1928 இல் வந்த படமொன்றிலே கோகோவும் அவனது நாயும் பூமியை இயக்கும் பொறியறைக்கு வந்து சேருகிறார்கள். அங்கே ஒரு நெம்புபிடி. அதை இழுத்தால் உலகம் அழியும் என்று எழுதி வைத்திருக்கிறது. நாய்க்கு அதை இழுக்காமல் இருக்க முடியவில்லை. கோகோ தடுக்கத் தடுக்க, கொண்டதை விடாத மடமையோடு அது இழுத்தே விடுகிறது. உலகம் குலைகிறது. மெய்யான நியூயோர்க் நகரக் கட்டடங்களும் திரையிலே சரிகின்றன. முதல் உலகப் போர் முடிந்து பத்து ஆண்டுகள் ஆகியிருந்தன. விளையாட்டாகச் செய்த படந்தான். எனினும் எழுதி வைத்த எச்சரிக்கையைப் பார்த்துக்கொண்டே பிடியை இழுக்கும் அந்த நாயை இன்று பார்த்தாற் சிரிப்போடு ஓர் அச்சமும் வருகிறது.

அதே 1928 நவம்பர் 18 ஆம் திகதி வோல்ட் டிஸ்னியின் ‘ஸ்டீம்போட் வில்லி’ நியூயோர்க்கிலே திரையிடப்பட்டது. மிக்கி மவுஸ் விசிலடித்தது; பாத்திரங்களும் விலங்குகளும் வாத்தியங்களாயின. ஓசையும் அசைவும் ஒன்றோடொன்று இறுகப் பொருந்தியமை மக்களை ஈர்த்தது. ஒலிக்கு மாறுவதிற் பின்தங்கிய ஃபீலிக்ஸ் சில ஆண்டுகளுக்குள் மங்கிப் போயிற்று.

இதை இழப்பென்று மாத்திரம் சொல்வது நியாயமன்று. மௌனப் படங்களும் பெரும்பாலும் பியானோ முதலிய வாத்தியங்களின் துணையோடுதான் காட்டப்பட்டன. ஓசை வந்தபின் தாளத்தால் வரும் நகை புதிதாகக் கிடைத்தது. ஆனால் ஓசை உண்மையாகவே கேட்கத் தொடங்கிய பின், காற்றில் மிதக்கும் இசைக் குறியீட்டைப் பிடித்து வண்டியாக்கும் தேவை இல்லாது போயிற்று. இல்லாமையே கற்பனையைத் தூண்டிய ஒரு காலம் முடிந்தது.

எமில் கோலின் முடிவைச் சொல்லி நிறைவு செய்கிறேன். அவர் அமெரிக்காவிலிருந்து ஆக்கிய படங்களிற் பெரும்பாலானவை 1914 இல் ஃபோர்ட் லீ நகரிற் படநிறுவனத்தில் ஏற்பட்ட தீயில் அழிந்தன. முதுமையில் வறுமையும் மறதியும் அவரைச் சூழ்ந்தன. மேசையிலிருந்த மெழுகுதிரியின் சுடர் தாடியிற் பற்றி நோயுற்ற அவர், 1938 ஜனவரி 20 ஆம் திகதி காலமானார். மறுநாள், திரைமாயங்களின் முன்னோடியான ஜோர்ஜ் மெலியேயும் மறைந்தார். உலகத்தைச் சிரிக்க வைத்த அந்த 700 தாள்களைக் கீறிய கைக்கு உரிய மரியாதை பிந்தியே கிடைத்தது.

நேயர்களே, நூறாண்டு கடந்தும் இப்படங்களுட் சில நம்மைச் சிரிக்க வைக்கின்றன. சில நம்மை வெட்கப்பட வைக்கின்றன. தொழில் நுட்பம் இரண்டுக்கும் ஒன்றே, கோடும் ஒன்றே. பெரிய மனிதரின் போலித்தனத்தையும், போதும் என்று அறியாத பேராசையையும், தன்னையும் நோக்கிச் சிரித்த கோடுகள் இன்றும் உயிரோடு இருக்கின்றன. எளியவனின் முகத்தைக் கோரமாக்கிச் சிரித்த கோடுகளைப் பாதுகாத்துத்தான் வைத்திருக்கிறார்கள். ஆனால் அவற்றைப் பார்த்து இன்று நாம் சிரிப்பதில்லை. நம் மேடைகளிலும் வீட்டு முற்றங்களிலும் வகுப்பறைகளிலும் சிரிப்பு எழும்போதெல்லாம், அது எவருடைய கையைக் கீழே இறக்கிவிடுகிறது என்று ஒரு முறை திரும்பிப் பார்த்துக்கொள்வோம்.